அப்பாவுடன் கவுண்டி கவுண்டியாக: ரெட் கிளவுட் முதல் விக்டோரியா வரை

ஜூன் 25, புதன் – ரெட் கிளவுட், நெப்ராஸ்கா

சங்கரன்கோவிலிலிருந்து வந்த நாள் முதல் அப்பாவுக்கும் எனக்கும் ஒரே பேச்சுதான். நயாகரா வேண்டாம், நியூயார்க் வேண்டாம், "கோர்ட்டு, கச்சேரி, வயக்காடு இருக்கிற ஊரா ஒண்ணு காட்டும்மா" என்றார். நில அளவைத் துறையில் சர்வேயராக இருந்து ஓய்வு பெற்றவர். அவருக்கென்றே நெப்ராஸ்காவின் தென்கோடியிலும் கன்சாஸின் வடபகுதியிலும் சில கவுண்டிகளை (மாநிலத்துக்குள் நம் மாவட்டம் மாதிரியான பிரிவு) பொறுக்கி வைத்தேன். எல்லாம் ஆயிரம், இரண்டாயிரம் பேர் இருக்கும் ஊர்கள். சில ஊர்களில் அதுவும் தேறாது.

ஒமாஹாவிலிருந்து மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓட்டி, மத்தியானம் ரெட் கிளவுட் போய்ச் சேர்ந்தோம். வெப்ஸ்டர் கவுண்டியின் தலைநகர் இதுதான். லகோட்டா தலைவர் ஒருவரின் பெயரைத் தாங்கிய ஊர். 1870களின் தொடக்கத்தில் இதை நிறுவியவர்களில் முக்கியமானவர் சைலஸ் கார்பர். பின்னால் மாநிலத்தின் கவர்னராகி, ஊரில் வங்கியும் தொடங்கினார். 1890களின் பணநெருக்கடியில் வங்கி நொடித்தது. கட்டடம் மட்டும் கம்பீரமாக நிற்கிறது. செங்கல் பாவிய மெயின் தெருவில் நாங்கள் நடந்தபோது மூன்று பேர் வலிய வந்து வணக்கம் சொன்னார்கள். ஒரு பாட்டி அப்பாவின் வேட்டியைப் பார்த்து, இந்த வெயிலுக்கு இதுதான் சரி என்று பாராட்டிவிட்டுப் போனார்.

வெயில் 99 டிகிரி ஃபாரன்ஹீட். அதைவிடக் காற்றுதான் கொடுமை. தெற்கிலிருந்து நிற்காமல் அடித்தது.

இந்த ஊர் நாவலாசிரியை வில்லா கேதரால் பிழைக்கிறது. வர்ஜீனியாவிலிருந்து 1883இல், ஒன்பது வயதில் இங்கே வந்தவர். முதலில் பண்ணையில் இருந்துவிட்டு, அடுத்த வருஷம் குடும்பம் ஊருக்குள் குடிவந்தது. அந்த வாடகை வீடு இன்னும் இருக்கிறது. டிக்கெட் விலையை அப்பா ரூபாயில் பெருக்கிப் பார்த்துவிட்டு முகம் சுளித்தார். ஆனால் மாடி அறைக்குப் போனதும் பேச்சை நிறுத்திவிட்டார். கூரைச் சரிவுக்குக் கீழே சின்னஞ்சிறு அறை. சுவரில் சிவப்பும் பழுப்புமாகக் குட்டி ரோஜாக்கள் போட்ட காகிதம். மருந்துக்கடையில் வேலை பார்த்ததற்குக் கூலியாக அந்தக் காகிதத்தை வாங்கி, வில்லாவே ஒட்டியது. நூற்று முப்பது வருஷத்துக்கு மேல் ஆன பிறகும் அதேதான் இருக்கிறது. தொடக்கூடாது என்று வழிகாட்டி அம்மா சொல்வதற்கு முன்பே அப்பா கையைப் பின்னால் கட்டிக்கொண்டார்.

நான் கல்லூரியில் 'மை அன்டோனியா' படித்தவள். 1918இல் வந்த நாவல். அதன் நாயகிக்கு அசல், ஆனா சாடிலெக் என்ற பொஹீமியப் பெண். வந்த புதிதில் குளிரும் வறுமையும் தாங்காமல் அவருடைய அப்பா தற்கொலை செய்துகொண்டார். ஆனா ஊருக்குள் வந்து வீட்டுவேலை பார்த்தார், பிறகு பவெல்கா என்பவரைக் கட்டிக்கொண்டு பெரிய குடும்பமாகப் பண்ணையில் வாழ்ந்து, 1955இல்தான் இறந்தார். நாவலில் வந்தவள் நான்தான் என்று தெரிந்து, முப்பது வருஷத்துக்கு மேல் அதே கவுண்டியில் கோழி வளர்த்துக்கொண்டு இருந்திருக்கிறார். எனக்கு எழுத்தாளரைவிட இவர் மேல்தான் ஆர்வம் அதிகம்.

அந்த 1955இல்தான் மில்ட்ரெட் பென்னட் என்ற ஊர்க்கார ஆசிரியை சிலரைச் சேர்த்துக்கொண்டு கேதர் நினைவு அமைப்பைத் தொடங்கினார். வீடு வீடாகப் போய்ப் பழையவர்களிடம் கேட்டு எழுதி, இந்தத் தெருவில் எந்த வீடு எந்தக் கதையில் வருகிறது என்று குறித்து வைத்ததில் அவர் பங்கு பெரிது. அவர் இல்லையென்றால் மாடி அறைக் காகிதத்தை யாராவது கிழித்துப் பெயின்ட் அடித்திருப்பார்கள். கேதர் பட்டம் வாங்கிய கையோடு வெளியே போனவர். நியூ ஹாம்ப்ஷயரில் அடக்கம். ஊரைக் காப்பாற்றியது ஊரில் தங்கியவர்கள்.

சாப்பாடு மெயின் தெரு கடையில். அன்றைய ஸ்பெஷல், மசித்த உருளைக்கிழங்கின் மேல் கோழியும் நூடுல்ஸும், 11 டாலர். மாவுக்கு மேல் மாவு. அப்பா கையோடு கொண்டுவந்த எலுமிச்சை ஊறுகாய் பாட்டிலை மேஜையில் வைத்தார். பரிமாறிய பெண் வாசம் பிடித்துப் பார்த்து, ஒரு துளி நாக்கில் வைத்து, கண் கலங்கச் சிரித்தாள். குளிர்காலத்தில் இங்கே பள்ளிக்கூடங்களில் சில்லி என்ற கறிக்குழம்புக்குத் தொட்டுக்கொள்ள சினமன் ரோல் கொடுப்பார்களாம். தானும் அப்படிச் சாப்பிட்டு வளர்ந்ததாகச் சொன்னாள். "இனிப்பு பன்னுக்குக் கறிக்குழம்பா?" என்று அப்பா ராத்திரி வரைக்கும் கேட்டுக்கொண்டிருந்தார்.

ஜூன் 26, வியாழன் – மாநில எல்லை, லெபனான், ஸ்மித் சென்டர்

காலையில் ஊருக்குத் தெற்கே கேதர் பெயரில் இருக்கும் புல்வெளி. 600 ஏக்கருக்குச் சற்று மேல், ஏர் படாத நிலம். முழங்கால் உயரப் புல். உண்ணி ஏறும், பேன்ட்டை சாக்ஸுக்குள் விடுங்கள் என்று பலகை சொன்னது. அப்பா வேட்டியில் இருந்ததால் காரிலேயே இருந்துவிட்டார்.

அங்கிருந்து கொஞ்ச தூரத்தில் கன்சாஸ் எல்லை. இதற்காகத்தான் அவர் காத்திருந்தார். இந்த எல்லை 40ஆவது அட்சரேகை. வெறும் எல்லைக்கோடு மட்டுமில்லை, கன்சாஸ், நெப்ராஸ்கா இரண்டுக்கும் நில அளவையின் அடிக்கோடும் இதுதான். 1850களில் இங்கிருந்து தொடங்கி வடக்கேயும் தெற்கேயும் ஆறு மைலுக்கு ஆறு மைல் சதுரங்களாகப் பூமியை வெட்டினார்கள். ஒரு சதுரம் ஒரு டவுன்ஷிப். அதற்குள் 36 செக்ஷன், செக்ஷனுக்கு 640 ஏக்கர். அதில் கால்வாசி, 160 ஏக்கர், 1862 ஹோம்ஸ்டெட் சட்டப்படி ஒரு குடும்பத்துக்கு. 18 டாலர் கட்டணம், அஞ்சு வருஷம் குடியிருந்து பயிர் செய்தால் பட்டா. 16ஆம், 36ஆம் செக்ஷன்கள் பள்ளிக்கூடத்துக்கு.

"அளந்தது எதை வச்சு?" என்றார். கன்டர் சங்கிலி என்றேன். 66 அடி, நூறு கண்ணி. 80 சங்கிலி ஒரு மைல். அப்பா காரை நிறுத்தச் சொன்னார். அவர் வேலைக்குச் சேர்ந்த புதிதில் பழைய புலப்படங்களில் பார்த்ததும் அதே சங்கிலிக் கணக்குதான். ரோட்டோரத்தில் நின்று வடக்கே பார்த்தார், தெற்கே பார்த்தார். "நம்ம ஊர்ல வாய்க்கா வளைஞ்சா வரப்பும் வளையும். இவன் ஆத்தையே மதிக்கலையே" என்றார். இந்தப் பயணம் முழுக்க அவர் சொன்னதில் உருப்படியான விமர்சனம் இதுதான் என்று நினைக்கிறேன். அந்தச் சதுரத்துக்குள் ஏற்கெனவே பானி பழங்குடியினரும் மற்றவர்களும் வேட்டையாடிக்கொண்டிருந்தார்கள் என்பதையும் அந்தக் கோடு மதிக்கவில்லை.

லெபனான் என்ற கன்சாஸ் ஊருக்கு வெளியே அமெரிக்காவின் 48 மாநிலங்களின் மையப்புள்ளி. கல் தூண், கொடி, பத்துப் பேர்கூட உட்கார முடியாத குட்டி தேவாலயம். 1918இல் அரசின் கடற்கரை, புவியியல் அளவைத் துறை எப்படிக் கண்டுபிடித்தது தெரியுமா? நாட்டின் படத்தை அட்டையில் வெட்டி, ஒரு புள்ளியில் சாயாமல் நிறுத்திப் பார்த்தார்கள். அப்பாவுக்கு இதைச் சொல்லியிருக்கக்கூடாது. அது போதாதென்று, கணக்குப்படி வந்த இடம் தனியார் பன்றிப் பண்ணைக்குள் இருந்ததால் தூணை அரை மைல் தள்ளி நட்டிருக்கிறார்கள். "அட்டையில அளந்து, பன்னிக்குப் பயந்து தள்ளி நட்டானா?" என்று ஸ்மித் சென்டர் வரைக்கும் புலம்பிக்கொண்டே வந்தார். 1959இல் அலாஸ்காவும் ஹவாயும் சேர்ந்ததும் மொத்த நாட்டின் மையம் தெற்கு டகோடாவுக்குப் போய்விட்டது. லெபனான் விடவில்லை, 48ஐப் பிடித்துக்கொண்டிருக்கிறது.

ஸ்மித் சென்டரில் கவுண்டி கோர்ட் கட்டடத்துக்குள் யாரும் எங்களைத் தடுக்கவில்லை. பத்திரப் பதிவாளர் அலுவலகத்தில் இருந்த அம்மா, அப்பா சர்வேயர் என்று தெரிந்ததும் மேஜை அளவுக்குப் பெரிய பழைய பதிவேட்டைத் தூக்கி வந்து விரித்துவிட்டார். கைரேகை இல்லை, மனு இல்லை, ஸ்டாம்ப் இல்லை. டவுன்ஷிப், ரேஞ்ச், செக்ஷன் என்று வரிசையாகக் கையெழுத்து. எங்கள் ஊர் 'அ' பதிவேட்டைப் புரட்டுகிற அதே தோரணையில் அப்பா விரல் வைத்து வைத்துப் படித்தார். முக்கால் மணி நேரம் ஆயிற்று. கிளம்பும்போது அந்த அம்மா ஆளுக்கு ஒரு புதினா மிட்டாய் கொடுத்தார்.

இந்தக் கவுண்டியின் பெரிய மனிதர் ஒரு டாக்டர். பெயர் ப்ரூஸ்டர் ஹிக்லி. ஒஹாயோக்காரர், நாலாவது கல்யாணம் கசந்து போய், 1871இல் இங்கே வந்து 160 ஏக்கர் எடுத்தார். பீவர் கிரீக் ஓரத்தில் குடிசை போட்டுக்கொண்டு 1872 வாக்கில் ஒரு கவிதை எழுதினார். டான் கெல்லி என்ற வயலின்காரர் மெட்டுப் போட்டார். அதுதான் 'ஹோம் ஆன் தி ரேஞ்ச்'. மாடு மேய்த்தவர்கள் வாய்வழியாக நாடெல்லாம் கொண்டுபோனார்கள். யார் எழுதியது என்பது மறந்துபோயிற்று. 1930களில் ரேடியோவில் பாட்டு கொடிகட்டிப் பறந்தபோது, அரிசோனாத் தம்பதி ஒன்று எங்கள் பாட்டு என்று ஐந்து லட்சம் டாலர் கேட்டு வழக்குப் போட்டது. சாமுவேல் மோன்ஃபெல்ட் என்ற நியூயார்க் வக்கீல் கிளம்பி வந்து, ஊர் ஊராகக் கிழவர்களைப் பிடித்து விசாரித்து, இங்கே ஸ்மித் கவுண்டியில் ஆணிவேரைக் கண்டுபிடித்தார். அந்தத் தம்பதியின் பாட்டு வெளிவந்த 1905க்கு வெகுகாலம் முன்பே பாடினோம் என்று சொல்ல ஆள் இருந்தார்கள். வழக்கு விழுந்தது. 1947இல் கன்சாஸின் மாநிலப் பாடலாயிற்று. ஹிக்லி இதையெல்லாம் பார்க்கவில்லை. 1911இலேயே ஓக்லஹோமாவில் இறந்துவிட்டார். குடிசை ஒரு காலத்தில் கோழிக்கூண்டாக இருந்ததாம். இப்போது பழுதுபார்த்து நிறுத்தியிருக்கிறார்கள். காவல் இல்லை, டிக்கெட் இல்லை. விருப்பப்பட்டால் பெட்டியில் காசு போடலாம்.

குடிசைக்குப் போகும் சரளை ரோட்டில் டயர் பஞ்சர். போன் சிக்னல் ஒரு கோடுகூட இல்லை. எதிரே வந்த முதல் பிக்கப் வண்டியே நின்றது. பெரியவர், எழுபது இருக்கும், தொப்பியைக் கழற்றி அப்பாவுக்கு மரியாதை செய்துவிட்டு, என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் ஜாக்கியை எடுத்தார். முடிந்ததும் காசு நீட்டினேன், கேட்காத மாதிரி திரும்பிக்கொண்டார். டவுனில் ஒட்டுப் போட்டதற்கு 18 டாலர். இந்தப் பக்கமெல்லாம் எதிரே வருகிறவர்கள் ஸ்டியரிங்கிலிருந்து ஒரு விரலை மட்டும் தூக்கி வணக்கம் வைப்பார்கள். மாலைக்குள் அப்பாவும் முன்சீட்டிலிருந்து விரல் தூக்க ஆரம்பித்துவிட்டார்.

பிறகுதான் வினை. பதிவு செய்திருந்த மோட்டலில் அறை இல்லை. கோதுமை அறுவடை. மே மாதம் டெக்சாஸில் தொடங்கி, பயிர் முற்ற முற்ற வடக்கே கனடா எல்லை வரைக்கும் போகிற அறுவடைக் குழுக்கள் உண்டு. கம்பைன் இயந்திரங்கள், லாரிகள், ஆட்கள் எல்லாம் கூடவே நகரும். ஒரு குழு மழை பயத்தில் ரெண்டு நாள் அதிகம் தங்க, எங்கள் அறையை அவர்களுக்கே நீட்டிவிட்டார்கள். முன்கூட்டி ஒரு போன் செய்திருக்கலாம் இல்லையா? கவுன்டரில் இருந்த பையன் தோளைக் குலுக்கினான். பணம் திரும்ப ஏழு நாள் ஆகுமாம்.

தெற்கே ஆஸ்போர்ன் பக்கம் ஓட்டினோம். மேற்கே வானம் பச்சையும் கறுப்புமாகத் திரண்டு வந்தது. பாதி வழியில் ஆலங்கட்டி. நெல்லிக்காய் அளவு, சில இன்னும் பெரிது. ஒரு பெட்ரோல் பங்க்கின் கூரைக்குள் நுழைவதற்குள் பானட்டில் பள்ளம் பள்ளமாக விழுந்துவிட்டது. அங்கே நின்றிருந்தவர்களில் ஒருவருக்கும் கார் கவலை இல்லை. எல்லோரும் யாருடைய வயலில் விழுகிறது என்றே பேசினார்கள். அறுக்கப்படாமல் நிற்கிற கோதுமைக்குக் கால் மணி நேர ஆலங்கட்டி போதும்.

ராத்திரி ஒன்பதரைக்குக் கிடைத்த மோட்டலை நடத்துகிறவர்கள் குஜராத்திகள், நவ்சாரிப் பக்கம். அந்த அம்மா அப்பாவைப் பார்த்ததும் சாவியைக் கொடுப்பதற்கு முன்னால் டீயைக் கொடுத்தார். பிறகு மேத்தி தேப்லா, தயிர். அப்பா தன் ஊறுகாயை எடுத்தார். அவருடைய அரைகுறை இந்தியும் அவர்களுடைய அரைகுறை இந்தியும் நன்றாகவே ஓடின. பதினாறு வருஷமாக இங்கே இருக்கிறார்கள், மகள் உள்ளூர்ப் பள்ளியில் வாலிபால் ஆடுகிறாள். இந்தக் கவுண்டிகளின் வரலாற்றை அடுத்து யாராவது எழுதினால் மோட்டல் நடத்தும் பட்டேல்களுக்கு ஓர் அத்தியாயம் ஒதுக்கவேண்டும். அறை 72 டாலர். தேப்லாவுக்குக் கணக்கு இல்லை.

ஜூன் 27, வெள்ளி – காக்கர் சிட்டி, லூக்கஸ்

காக்கர் சிட்டி மெயின் ரோட்டில் கூரை போட்ட பந்தலுக்குள் ஒரு பிரம்மாண்டமான கயிற்று உருண்டை. ஃபிராங்க் ஸ்டோபர் என்ற விவசாயி 1953இல், வைக்கோல் கட்டிய கயிற்றுத் துண்டுகள் வீணாகக் கிடக்கிறதே என்று சுற்ற ஆரம்பித்தது. 1961இல் ஊருக்குக் கொடுத்தார். ஆகஸ்டில் ஊரே கூடி இன்னும் சுற்றுகிறார்கள். எங்களுக்கும் ஒரு முழக் கயிறு கிடைத்தது, அப்பா முடிச்சுப் போட்டார். ஊரின் பெயரே சீட்டாட்டத்தில் ஜெயித்தவர் வைத்தது என்கிறார்கள். சரி, இருக்கட்டும்.

எனக்கு அந்த ஊரில் தைத்தது வேறொன்று. கிழக்கே சில மைலில் வக்கோண்டா ஏரி. அதன் அடியில் ஓர் ஊற்று இருந்தது. மேடு மேல் வட்டமாக, உப்புத் தண்ணீர் ததும்பும் ஊற்று. சமவெளிப் பழங்குடிகள் பலருக்கு அது கோயில். பின்னால் வந்தவர்கள் அதன் பக்கத்தில் சிகிச்சை விடுதி கட்டி, தண்ணீரை பாட்டிலில் அடைத்து விற்றார்கள். 1960களில் கிளென் எல்டர் அணை கட்டியபோது விடுதியை இடித்து அந்தக் கல்லையும் மண்ணையும் ஊற்றுக்குள்ளேயே தள்ளி மூடினார்கள். அப்புறம் ஏரி ஏறிக்கொண்டது. இப்போது அதன் மேல் மோட்டார் படகு ஓட்டுகிறார்கள். கயிற்று உருண்டைக்கு இருக்கிற கவனிப்பில் பாதி இதற்கு இருந்திருக்கலாம்.

தெற்கே லூக்கஸ் போகும் வழியெல்லாம் வேலிக்குக் கல் தூண்கள். மரம் இல்லாத சமவெளி. ஆனால் தரைக்குச் சற்றுக் கீழே ஒரே கனத்தில் சுண்ணாம்புக்கல் படுகை ஓடுகிறது. தோண்டி எடுத்த புதிதில் மெத்தென்று இருக்கும், துளை போட்டு ஆப்பு இறக்கினால் நீளமாகப் பிளக்கும், காற்றுப் பட்டபின் இறுகும். முள்கம்பி கட்ட அதையே நட்டுவிட்டார்கள். ஒரு தூண் நூற்றைம்பது கிலோவாவது இருக்கும். எல்லைக்கல் பார்த்தே வாழ்க்கையை ஓட்டிய அப்பா, "இதைப் பக்கத்து வயக்காரன் ராத்திரியோட ராத்திரியா நகர்த்த முடியாது" என்று திருப்திப்பட்டார்.

லூக்கஸில் பார்க்கவேண்டியது சாமுவேல் பெர்ரி டின்ஸ்மூர் வீடு. 1843இல் பிறந்தவர், உள்நாட்டுப் போரில் வடக்குப் பக்கம் நின்றவர், பள்ளி ஆசிரியர், பிறகு விவசாயி. 1907இல், அறுபது வயது தாண்டியபின், ரயிலில் வருகிறவர்கள் இறங்கிப் பார்த்துக் காசு கொடுக்கும்படி ஒரு வீடு கட்டலாம் என்று ஆரம்பித்தார். மரக்கட்டை வீடு மாதிரியே, ஆனால் கட்டைகளெல்லாம் சுண்ணாம்புக்கல். அதைச் சுற்றி இருபது வருஷம் சிமெண்டில் சிலைகள். 113 டன் சிமெண்ட் என்று அவரே கணக்கு எழுதியிருக்கிறார். மரம் மரமாக உயரே கிளம்பி, மேலே ஆதாம், ஏவாள், பாம்பு, காயின், ஆபேல், தேவதூதர்கள். அதோடு விடவில்லை. வங்கிகளை எதிர்த்த விவசாயிகளின் மக்கள் கட்சி அரசியலில் ஊறிய மனுஷன். ஒரு மூலையில் உழைப்பாளியைச் சிலுவையில் அறைகிறார்கள். அறைகிறவர்கள் யாரென்றால் வக்கீல், டாக்டர், பாதிரியார், வங்கிக்காரர். ரெட் கிளவுட்டில் நொடித்துப்போன வங்கியைப் பார்த்துவிட்டு வந்ததால் அந்தக் கோபம் எங்கிருந்து வந்தது என்று எனக்குக் கொஞ்சம் விளங்கிற்று.

முதல் மனைவி 1917இல் இறந்ததும் ஊர் மயானத்தில் அடக்கம் செய்யச் சொன்னார்கள். பிறகு இவர் ராத்திரியில் தோண்டி எடுத்து, தான் கட்டிய கல்லறைக்குள் சிமெண்ட் போட்டு மூடிவிட்டாராம். 1924இல், 81 வயதில், இருபது வயதுப் பெண்ணைக் கல்யாணம் செய்து இரண்டு குழந்தைகள். 1932இல் இறந்தார். உடல் கண்ணாடி மூடி போட்ட பெட்டியில் இன்னும் அங்கேயே இருக்கிறது. சொந்தக்காரர் தவிர யாரும் ஒரு டாலருக்குக் குறைவாகக் கொடுத்துத் தன்னைப் பார்க்கக்கூடாது என்று எழுதி வைத்தவர்! நான் ஒரு நொடி எட்டிப் பார்த்துவிட்டு வெளியே வந்துவிட்டேன். அப்பா உள்ளே நின்று சாவகாசமாகப் பார்த்தார். "செத்தும் வாடகை வசூலிக்கிறான், கெட்டிக்காரன்" என்றார்.

ஊருக்குள் பொதுக்கழிப்பறை ஒன்று மிகப்பெரிய கழிப்பறைக் கோப்பை வடிவில், மொசைக் பதித்துக் கட்டியிருக்கிறார்கள். சுத்தம் அபாரம். பயணத்தில் நான் மனமாரப் பரிந்துரைக்கும் கட்டடம். மாட்டுக்கறி சாசேஜுக்குப் பேர்போன கடையும் இருக்கிறது. அப்பா மாடு சாப்பிடமாட்டார், அதனால் பாலாடைக்கட்டியும் பிஸ்கட்டும் வாங்கிக்கொண்டோம், 9 டாலர்.

ஜூன் 28, சனி – நிக்கோடெமஸ்

இதற்காகத்தான் மற்ற ஊர்களையெல்லாம் சேர்த்தேன். கிரகாம் கவுண்டி, 24ஆம் எண் நெடுஞ்சாலை ஓரம். வண்டியை மெதுவாக ஓட்டாவிட்டால் தாண்டிவிடுவீர்கள். சில வீடுகள், இரண்டு தேவாலயம், ஒரு பழைய பள்ளி, ஒரு பழைய ஓட்டல், கல்லால் கட்டிய டவுன்ஷிப் மண்டபம். குடியிருப்பவர்கள் இருபதுக்கும் குறைவு.

உள்நாட்டுப் போர் முடிந்து, தெற்கே ராணுவம் விலகி, கறுப்பினத்தவருக்கு மறுபடி கழுத்து இறுகிய நேரம். 1877இல் டபிள்யூ.ஆர். ஹில் என்ற வெள்ளை நில வியாபாரியும், டபிள்யூ.எச். ஸ்மித் என்ற கறுப்பினப் பாதிரியாரும், இன்னும் சிலரும் சேர்ந்து நிக்கோடெமஸ் டவுன் கம்பெனி தொடங்கினார்கள். கென்டக்கியில் நோட்டீஸ் கொடுத்தார்கள். செழிப்பான நிலம், வேட்டைக்கு மிருகம், ஊர் மனை ஐந்து டாலர். செப்டம்பரில் முந்நூறு பேர் எல்லிஸ் என்ற ஊர் வரை ரயிலில் வந்து, அங்கிருந்து இரண்டு நாள் நடந்தார்கள்.

வந்தவர்கள் கண்டது என்ன என்பதை வில்லியானா ஹிக்மன் பின்னால் சொல்லியிருக்கிறார். அவர் 1878 வசந்தத்தில் வந்தவர். எல்லோரும் "நிக்கோடெமஸ், நிக்கோடெமஸ்" என்று கத்தியதும் ஆவலாகப் பார்த்தாராம். ஒன்றும் தெரியவில்லை. எங்கே என்று கேட்டார். கணவர் தரையிலிருந்து கிளம்பும் புகையைக் காட்டினார். அதுதான் ஊர். மரம் இல்லாததால் மண்ணைக் குடைந்து அதற்குள் வாழ்ந்துகொண்டிருந்தார்கள். வில்லியானா அழுதுவிட்டார். அறுபது வருஷம் கழித்து அதைச் சொல்லும்போதும் அவர் பூசி மெழுகவில்லை. அதனால்தான் இந்த வாக்குமூலம் மேல் எனக்கு நம்பிக்கை.

முதல் குளிர்காலத்தில் ஏர் இல்லை, மாடு இல்லை, தானியம் இல்லை. வேட்டையிலிருந்து திரும்பிய ஓசேஜ் பழங்குடியினர் உணவு கொடுத்துக் காப்பாற்றியதாக வழிவழியாகச் சொல்கிறார்கள். ஹில்லைத் தேடி ஆத்திரத்தோடு கிளம்பிய கூட்டத்திடமிருந்து அவர் வைக்கோலுக்குள் ஒளிந்து தப்பித்தார் என்றும் ஒரு கதை. பலர் திரும்பிப் போனார்கள். இருந்தவர்கள் மண்வெட்டியால் கொத்தியே விதைத்தார்கள். பத்தே வருஷத்தில் கடைகள், ஓட்டல், இரண்டு செய்தித்தாள்! எட்வர்ட் மெக்கேப் இங்கிருந்து கவுண்டி எழுத்தராகி, 1882இல் மாநிலக் கணக்குத் தணிக்கையாளராகத் தேர்தலில் ஜெயித்தார். கன்சாஸ் முழுக்க ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த முதல் கறுப்பினத்தவர். பின்னாளில் ஓக்லஹோமாவில் லாங்ஸ்டன் ஊரை நிறுவியவரும் அவரே.

அப்புறம் ரயில். 1887இல் ரயிலை வரவழைக்க 16,000 டாலருக்குக் கடன் பத்திரம் வெளியிட ஊர் ஓட்டுப் போட்டது. ஏழை ஜனம் கடனாளி ஆகத் தயாராக இருந்தது. அழைத்த ரயில் கம்பெனி வரவில்லை. 1888இல் யூனியன் பசிபிக் பாதை போட்டது, ஆற்றுக்குத் தென்கரையில், சில மைல் தள்ளி. கடைக்காரர்கள் கட்டடத்தையே பெயர்த்து எடுத்துக்கொண்டு பாதையோர முகாமுக்குப் போய்விட்டார்கள். அதுதான் இன்றைய போக் என்ற ஊர். கவுண்டித் தலைநகர் பதவி எங்கே போயிற்று என்றால், ஹில் சிட்டிக்கு. ஆமாம், அதே ஹில்லின் பெயர்தான். சாயங்காலம் அந்த ஊர் வழியாகப் போனபோது கோர்ட் கட்டடத்தைப் பார்க்க எனக்கு இறங்கத் தோன்றவில்லை. அப்பாவும் கேட்கவில்லை.

மண்டபத்துக்குள் தேசியப் பூங்காத் துறையின் காட்சிக்கூடம். 1996இல் ஊரைத் தேசிய வரலாற்றிடமாக அறிவித்தார்கள். கட்டணம் இல்லை, முக்கியமாக ஏசி இருந்தது. வெளியே 102 டிகிரி. அங்கே டென்வரிலிருந்து வந்திருந்த ஓர் அம்மாவைச் சந்தித்தோம். முன்னோர்கள் 1878இல் வந்தவர்கள். ஜூலைக் கடைசியில் ஊர்க்காரர் சந்ததி எல்லாம் நாடெங்கிலுமிருந்து திரும்பி வந்து கூடுகிற விழாவுக்கு, சமையல் ஏற்பாடு பார்க்க ஒரு மாதம் முன்னாலேயே வந்திருக்கிறார். இங்கே பிறந்து 1954இல் கிரீன் பே பேக்கர்ஸ் என்ற அமெரிக்கக் கால்பந்து அணிக்கு ஆடப்போன வெரில் சுவிட்சரைப் பற்றிப் பெருமையாகச் சொன்னார். பிறகு அப்பாவிடம், உங்கள் நிலம் எத்தனை ஏக்கர், யார் பார்த்துக்கொள்கிறார்கள் என்று கேட்டார்.

இங்கே வந்து யாரும் இதுவரை அப்பாவிடம் அதைக் கேட்டதில்லை. மூன்று ஏக்கர், குத்தகைக்கு விட்டிருக்கிறது, கிணறு வற்றிவிட்டது என்று சொன்னார். நான் மொழிபெயர்த்தேன். தங்களுடையதும் குத்தகையில்தான் என்றார் அந்த அம்மா. வாடகைக்காக இல்லை, விற்றால் மறுபடி வாங்க முடியாது. "அதேதான், அதேதான்" என்றார் அப்பா தமிழிலேயே. அதை நான் மொழிபெயர்க்கவில்லை. தேவைப்படவில்லை.

தங்கியது ஹேஸ். பெரிய டவுன். இரண்டு மாடி ஓட்டல், 118 டாலர், காலை வாஃபிள் இலவசம். அப்பாவுக்கு ஊர் பிடிக்கவில்லை. "இது எங்கேயும் இருக்கும்மா" என்றார்.

ஜூன் 29, ஞாயிறு – விக்டோரியா

திரும்பும் வழியில் விக்டோரியா. ஜார்ஜ் கிரான்ட் என்ற ஸ்காட்லாந்துக்காரர் 1873இல் பிரிட்டிஷ் கனவான்களுக்காக அமைத்த குடியிருப்பு. அபர்டீன் ஆங்கஸ் காளைகளை அமெரிக்காவுக்கு முதலில் கொண்டுவந்தவர் அவர். கனவான்கள் சில வருஷத்தில் கிளம்பிவிட்டார்கள். 1876இல் ரஷ்யாவின் வோல்கா கரையிலிருந்து வந்த ஜெர்மானியர்கள் தங்கினார்கள்.

அவர்கள் கட்டிய புனித ஃபிடெலிஸ் தேவாலயம் வயல்களுக்கு நடுவே இரட்டைக் கோபுரத்தோடு மைல் கணக்கில் தூரத்திலிருந்தே தெரியும். 1911இல் முடிந்தது. பன்னிரண்டு வயது தாண்டிய ஒவ்வொருவரும் வருஷம் 45 டாலரும் ஆறு வண்டிக் கல்லும் தரவேண்டும் என்று விதித்தார்களாம். குடும்பம் பெரிதானால்? அப்பா உடனே கணக்குப் போட்டார். எட்டுப் பேர் இருந்தால் 360 டாலர், 48 வண்டி. "வரியைவிட இது மோசம்" என்றார், ஆனால் கல்லைத் தடவிப் பார்த்துவிட்டுத் தச்சு, கொத்து இரண்டும் முதல்தரம் என்று சான்றிதழும் கொடுத்தார். பூசை முடிந்து வந்தவர்கள் வெயிலைப் பொருட்படுத்தாமல் வாசலில் நின்று அரட்டை அடித்தார்கள். பேச்செல்லாம் கோதுமை புஷலுக்கு (இங்கத்திய தானிய அளவு) என்ன விலை, எத்தனை சதம் ஈரம் என்பதுதான்.

வோல்கா ஜெர்மானியர் பலகாரம் பியராக். ரொட்டிக்குள் முட்டைக்கோஸ், வெங்காயம், மாட்டுக்கறி. வழியில் ஒரு கடையில் மாடு இல்லாமல் கிடைக்குமா என்று கேட்டேன். இல்லை என்று சொல்லிவிட்டு, அந்த அம்மா உள்ளே போய்ப் பத்து நிமிஷத்தில் முட்டைக்கோஸ் மட்டும் வைத்து இரண்டு சுட்டுக் கொண்டுவந்தார். 7 டாலர். ஊறுகாய் பாட்டிலில் கடைசியாக இருந்ததை அப்பா அதற்குள் வழித்துப் போட்டுச் சாப்பிட்டார்.

ஒமாஹா வந்து சேர ராத்திரி ஒன்பது. பானட்டுப் பள்ளங்களைப் பார்க்க இன்சூரன்ஸிலிருந்து செவ்வாய்க்கிழமை ஆள் வருகிறார்.